31 என்பது மாமியின் புள்ளியா, பின்னேரத்தின் புள்ளியா?

கேள்வி: நாங்கள் திருகோணமலை, உப்புவெளி. என் மாமிக்கு 76 வயது, சொந்த இடம் மூதூர். மூன்று வருடமாக மறதி நோய்க்குக் கிளினிக் போகிறோம். பகலில் மச்சாள் பார்க்கிறா. நான் படிப்பிக்கிற வேலை. பின்னேரம் மூன்று மணியிலிருந்து மாமி படுக்கும்வரை என் பொறுப்பு. பொழுதுபடத் தொடங்கினால் "கடைசி லாஞ்சி வெளிக்கிடப் போகுது" என்று படலைக்கு ஓடுவா. மேல் கழுவக் கூட்டிப் போனால் அடிப்பா, விறாண்டுவா. மாமியின் அந்தரத்தை, அதாவது இந்த நிலைகொள்ளாத தவிப்பை, அளக்கத் தெரிந்த தாதி ஒருவர் 14 கேள்வி உள்ள தாள் ஒன்று தந்தார். நான் போட்டபோது 31 வந்தது. மச்சாள் போட்டபோது 20. நான் கூட்டிச் சொல்கிறேன் என்கிறா. கனடாவில் இருக்கும் அத்தான் வட்ஸ்அப்பில் பார்த்துவிட்டு, "அம்மா வடிவாத்தானே கதைக்கிறா" என்கிறார். கிளினிக்கில் "எப்படி இருக்கிறா?" என்று கேட்டால் எனக்கு அழுகைதான் வருகிறது. யார் போட்ட புள்ளி சரி? 31 என்றால் இனி வீட்டில் வைத்துப் பார்க்கலாமா?

பி.கு.: மூன்று நாளாகப் பகலில் ஒரே நித்திரை. இரவில் முகட்டில் ஆட்கள் இருக்கினம் என்கிறா. மச்சாள் நித்திரைக்கென்று தடிமன் குளிசை கொடுத்தவ.

பதில்:

தங்கச்சி, உங்கள் கடிதத்தில் கடைசியாக இருந்த பின்குறிப்புக்குத்தான் முதலில் பதில். அதை அன்றைக்கே உங்களுக்குத் தனியாக எழுதிவிட்டேன். ஆனால் இதே நிலையில் இருக்கும் மற்ற வீடுகளுக்காக இங்கேயும் சொல்ல வேண்டும்.

மறதி நோய் மாதக்கணக்கில், வருடக்கணக்கில் நகர்வது. மூன்று நாளில் ஆள் மாறினால் அதை மறதி நோயின் கணக்கில் எழுதக்கூடாது. பகலில் எழுப்ப முடியாத நித்திரை, இரவில் இல்லாத ஆட்களைக் காண்பது, ஒரு மணித்தியாலம் தெளிவு, அடுத்த மணித்தியாலம் குழப்பம். இதற்கு மருத்துவத்தில் டெலீரியம் என்று பெயர். பின்னால் பெரும்பாலும் உடம்பில் ஒரு காரணம் இருக்கும்: சலத்தில் கிருமி, நெஞ்சுச் சளி, நாலைந்து நாள் வெளிக்குப் போகாதது, நம்முடைய வெயிலில் தண்ணீர் குறைந்தது, அல்லது புதிதாகக் கொடுத்த ஒரு மருந்து. அந்தத் தடிமன் குளிசை நித்திரையைத் தருவது உண்மை. ஆனால் பழைய வகைத் தடிமன் குளிசைகள் மூளையில் ஞாபகத்துக்குத் தேவையான அசட்டைல்கோலின் என்ற இரசாயனத்தின் வேலையைத் தடுப்பவை. மறதி நோய்க்காரருக்கு ஏற்கெனவே அதுதான் குறைவு. மச்சாளை ஏச வேண்டாம், எங்கள் ஊரில் பாதி வீட்டில் இந்தப் பழக்கம் இருக்கிறது. குளிசையை நிறுத்தி, மாமியை அன்றே ஆஸ்பத்திரியில் காட்ட வேண்டும். எழுப்ப முடியாவிட்டால் 1990க்கு அடித்து அம்புலன்ஸ் கூப்பிட வேண்டும். இந்த மூன்று நாளில் போட்ட எந்தப் புள்ளியையும் கிழித்துப் போடுங்கள். காய்ச்சலோடு இருப்பவரின் ஓட்டத்தை நேரம் பிடித்தது போல இருக்கும் அது.

இனி உங்கள் தாளுக்கு வருவோம்.

14 வரி, ஒவ்வொன்றுக்கும் 1 முதல் 4 வரை புள்ளி என்றால் அது எனக்குப் பழக்கமான தாள்தான். அமெரிக்காவின் ஒகாயோவில் ஜோன் கொரிகன் என்ற உளவியலாளர் 1989இல் வெளியிட்டது. அது பிறந்தது வயோதிபருக்காக அல்ல. தலையில் அடிபட்டு, கண் விழித்து, ஆனால் தான் எங்கே இருக்கிறேன் என்று இன்னும் பிடிபடாமல் இருக்கும் நோயாளருக்காக. அந்தக் கட்டத்தில் ஆள் கட்டிலை விட்டு எழும்புவார், குழாயைப் பிடுங்குவார், தாதியைத் தள்ளுவார். குணமாகிக்கொண்டு வரும் மூளை கடந்து போகும் ஒரு படி அது. எனவே தாதியரின் ஒவ்வொரு வேலை முறை (ஷிப்ட்) மாறும்போதும், அதாவது எட்டு மணித்தியாலத்துக்கு ஒரு தரம், அந்த முறையில் நின்ற தாதி தான் கண்டதை மட்டும் வைத்துப் புள்ளி போடுவார். நாளுக்கு நாள் கோடு இறங்குகிறதா என்று பார்ப்பதுதான் அதன் நோக்கம். பிற்காலத்தில் மறதி நோயாளரிலும் அதைப் பாவித்துப் பார்த்தார்கள், பயன்பட்டது. ஆகவே உங்களுக்குத் தாள் தந்த தாதி பிழை செய்யவில்லை. எப்படிப் போடுவது என்று சொல்லித் தர நேரம் கிடைக்கவில்லை போலும்.

அதில் இரண்டு விஷயம் வெளியே தெரியாது. ஒன்று, மிகக் குறைந்த புள்ளியே 14. ஒன்றுமே செய்யாமல் கதிரையில் இருந்து பேப்பர் வாசிக்கிறவருக்கும் 14 வரும். 56க்கு 31 என்று சோதனைத்தாள் திருத்துகிற மாதிரி நீங்கள் பார்த்திருப்பீர்கள், ஆசிரியை அல்லவா. உண்மையில் அடித்தளத்துக்கு மேல் 17. வழக்கமாக 21 வரை சாதாரணம், 22 முதல் 28 வரை இலேசு, 29 முதல் 35 வரை நடுத்தரம், அதற்கு மேல் கடுமை என்று எடுப்பார்கள். உங்கள் 31 நடுத்தரம். மச்சாளின் 20 சாதாரணம்.

மற்றது இன்னும் முக்கியம். 1, 2, 3, 4 என்பவை சத்தத்தின் அளவல்ல, உங்கள் மனம் நொந்த அளவும் அல்ல. அந்தச் செயல் இல்லையென்றால் 1. இருக்கிறது, ஆனால் செய்ய வேண்டியதைக் குழப்பவில்லை என்றால் 2. குழப்புகிறது, நீங்கள் ஒரு சொல்லோ ஒரு கைபிடியோ கொடுத்தால் திரும்பி வருகிறா என்றால் 3. என்ன சொன்னாலும் எப்படித் திருப்பினாலும் வரவில்லை என்றால்தான் 4. மாமி படலைக்கு ஓடுகிறா, நீங்கள் கையைப் பிடித்து ஒரு நடை நடந்து "லாஞ்சிக்கு இன்னும் நேரம் கிடக்கு, தேத்தண்ணி குடிச்சிட்டுப் போவம்" என்று கூட்டி வந்தால் அது 3. உங்களுக்கு நெஞ்சு படபடத்ததாலோ, ரோட்டில் பஸ் வந்ததாலோ அது 4 ஆகாது. குழாய் பிடுங்குவது என்ற வரிக்கு, வீட்டில் குழாய் ஒன்றும் இல்லாததால், கண்ணை மூடிக்கொண்டு 1 போடுங்கள். கவனம் நிலைக்காதது என்ற முதல் வரியில் மறதி நோயாளர் 1 வாங்குவது அரிது.

யார் சரி என்று கேட்டீர்கள். இரண்டு பேரும் சரியாகவே இருக்கலாம் என்று நினைக்கிறேன். மச்சாள் காண்பது காலை மாமியை. நீங்கள் காண்பது பொழுதுபடும் நேரத்து மாமியை. மறதி நோயில் பின்னேரம் அந்தரம் கூடுவது உலகம் முழுக்கக் கண்ட விஷயம். வெளிச்சம் மங்க, நிழல் நீள, களைப்பு ஏற, பகலில் பிடித்து வைத்திருந்த கொஞ்சப் பிடிமானமும் கையை விட்டுப் போகும். அத்தான் காண்பது மூன்றாவது மாமியை: பத்து நிமிடம், மகனுடைய முகம், மரியாதைக்காக மனதைத் திரட்டி இருத்திக்கொண்ட ஒருவரை. அவர் சொல்வதும் பொய்யல்ல. ஆனால் எட்டு மணித்தியாலத்துக்குப் போடுகிற தாளைப் பத்து நிமிடத்துக்குப் போட முடியாது.

வருடங்களுக்கு முன் நான் நின்ற ஒரு வாட்டில், ஹெல்மெட் இல்லாமல் மோட்டார் சைக்கிளில் விழுந்த ஒரு பொடியன் இருந்தான். காலை முறையில் 22, 23. இரவு முறையில் 20. பின்னேர முறையில் மட்டும் 35க்கு மேல். பின்னேர முறைக்காரர் பொறுமையில்லாதவர் என்று நாங்கள் எங்களுக்குள் கதைத்தோம், நானும் கதைத்தேன். பிறகு முறை மாறி நான் பின்னேரம் நின்றபோது எனக்கும் 36 வந்தது. பார்வையாளர் நேரம்! பத்துப் பன்னிரண்டு பேர் கட்டிலைச் சுற்றி நின்று, "என்னைத் தெரியுதா? நான் ஆர் சொல்லு பாப்பம்" என்று ஒருவர் மாறி ஒருவர் சோதனை வைப்பார்கள். தன் பெயரே தடுமாறுகிற பிள்ளைக்கு. ஒரு தரத்தில் இரண்டு பேர், கேள்வி கேட்கக்கூடாது என்று ஆக்கினோம். அந்தக் கிழமையே பின்னேரப் புள்ளி மற்ற முறைகளோடு வந்து சேர்ந்தது. மூன்று முறையையும் கூட்டிச் சராசரி எடுத்திருந்தால் காரணம் எங்களுக்குத் தெரிந்தே இருக்காது.

ஆகவே உங்கள் 31ஐயும் மச்சாளின் 20ஐயும் கூட்டி இரண்டால் பிரிக்க வேண்டாம். ஒரு சனிக்கிழமை இரண்டு பேரும் ஒன்றாக இருந்து, மூன்று மணி முதல் படுக்கும்வரை பார்த்து, ஒருவர் தாளை மற்றவர் பார்க்காமல் போடுங்கள். பிறகு வரி வரியாக ஒப்பிடுங்கள். ஒரு வரியில் நீங்கள் 4, அவ 2 என்றால் அங்கே தகராறு புள்ளியில் அல்ல, அந்த வரிக்கு நீங்கள் எடுத்த கருத்தில். அதைக் கதைத்துத் தீருங்கள். ஆஸ்பத்திரியிலும் இப்படித்தான் பழகுவார்கள்.

வீட்டில் வைத்துப் பார்க்கிறவர்களுக்கு இதைவிடப் பொருந்துகிற ஒன்றும் இருக்கிறது. கோஹன்-மான்ஸ்ஃபீல்ட் என்பவர் முதியோர் இல்லங்களுக்காக ஆக்கிய பட்டியல். 29 செயல்கள். கடந்த இரண்டு கிழமையில் ஒவ்வொன்றும் எத்தனை தரம் நடந்தது என்பதற்கு 1 முதல் 7 வரை: ஒருபோதும் இல்லை என்றால் 1, மணித்தியாலத்துக்குப் பல தரம் என்றால் 7. எவ்வளவு மோசம் என்று அது கேட்பதில்லை, எத்தனை தரம் என்று மட்டும் கேட்கும். எனக்கு அது பிடித்ததற்குக் காரணம், அடிப்பது மட்டும் அல்லாமல் ஒரே கேள்வியைத் திரும்பத் திரும்பக் கேட்பது, பொருளை ஒளித்து வைப்பது போன்ற, சத்தமில்லாமல் ஆளைத் தேய்க்கிற விஷயங்களும் அதில் இருப்பதுதான். 29ஐயும் நீங்கள் சுமக்கத் தேவையில்லை. மாமியிடம் உங்களை வாட்டுகிற இரண்டைத் தெரிந்தெடுங்கள். உங்கள் கடிதப்படி ஒன்று படலைக்கு ஓடுவது, மற்றது மேல் கழுவும்போது அடிப்பது. இந்த இரண்டை மட்டும் இரண்டு கிழமைக்கு எண்ணுங்கள்.

ஒரு சீ.ஆர். கொப்பி போதும். நேரம், அதற்கு முன்னால் என்ன நடந்தது, மாமி என்ன செய்தா, நீங்கள் என்ன செய்தீர்கள், எத்தனை நிமிடத்தில் அடங்கிற்று. ஒரு சம்பவத்துக்கு ஒரு வரி. மாமி முன்னால் எழுத வேண்டாம். தன்னைப் பற்றித்தான் எழுதுகினம் என்பது அவவுக்கு விளங்கும், நாள் கிழமை மறந்தாலும் அது விளங்கும். "பிடிவாதம்", "வேணுமெண்டு செய்தா", "ஆத்திரம்" என்ற சொற்களைக் கொப்பிக்குள் விடாதீர்கள். "5.20. முகத்தில தண்ணி ஊத்தினன். கையைத் தட்டினா, 'ஐயோ' எண்டா, வலது முழங்காலைப் பிடிச்சா. துவாய் போர்த்தினன். 4 நிமிசம்." இப்படி எழுதினால் டொக்டர் அதை வாசித்து ஒரு முடிவுக்கு வரலாம். "நேற்றும் சரியான ஆத்திரம்" என்று எழுதினால் அவர் ஒரு குளிசையைக் கூட்டுவதைத் தவிர வேறென்ன செய்வார்?

முழங்கால் என்று உதாரணத்துக்காகச் சும்மா எழுதவில்லை. அடிப்பது மேல் கழுவும்போது என்று எழுதியிருந்தீர்கள். எனக்கு முதலில் வரும் சந்தேகம் நோவுதான். குந்தியிருக்க, கையை உயர்த்த, உடுப்பைக் கழற்ற எங்கேயோ நோகிறது, சொல்லச் சொல் வரவில்லை, கை வருகிறது. நோர்வேயில் முதியோர் இல்லங்களில் மறதி நோயும் அந்தரமும் உள்ள 352 பேரை வைத்துச் செய்த ஓர் ஆய்வு 2011இல் வெளிவந்தது. எட்டுக் கிழமை முறையாக நோவுக்கு மருந்து கொடுத்தார்கள், பெரும்பாலானவர்களுக்குச் சாதாரண பரசிற்றமோல் (பனடோல்) தான். மேலே சொன்ன அதே 29 வரிப் பட்டியலில் அந்தரம் 17 சதவீதம் குறைந்தது. ஆக, மாமி அடிக்கும்போது அவவின் முகத்தையும் பாருங்கள். சொல்லத் தெரியாதவரின் நோவை அளக்கவும் ஒரு சிறு அளவுகோல் உண்டு: மூச்சு, முனகல், முகம், உடம்பை வைத்திருக்கும் விதம், ஆறுதல் சொன்னால் அடங்குகிறாவா என்ற ஐந்தையும் பார்த்து ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 2 வரை போடுவது. பனடோலை நீங்களே ஒழுங்காகத் தொடங்க வேண்டாம். ஈரல், மற்றக் குளிசைகள் எல்லாம் பார்த்து அளவைக் கிளினிக்கில் சொல்லட்டும். ஆனால் "மேல் கழுவும்போது நோகுது போல இருக்கு" என்ற ஒரு வசனத்தைச் சொல்லாமல் வராதீர்கள். அதற்கிடையில் நீங்கள் மாற்றிப் பார்க்கக்கூடியவை: கதிரையில் இருத்திக் கழுவுவது, இளஞ்சூட்டுத் தண்ணீர், தலையில் ஊற்றாமல் காலில் இருந்து தொடங்குவது, பின்னேரத்தை விட்டுக் காலையில் மச்சாளின் நேரத்துக்கு மாற்றுவது. ஒரு கிழமைக்கு ஒன்றுதான். நாலையும் ஒரேயடியாக மாற்றினால் எது வேலை செய்தது என்று கொப்பி சொல்லாது.

லாஞ்சி விஷயத்தில் ஒன்று. பாலங்கள் வரமுன்னம் மூதூர்ச் சனத்துக்கு, திருகோணமலையில் இருந்து ஊருக்குத் திரும்பும் கடைசி லாஞ்சியை, அதாவது மோட்டார்ப் படகை, தவறவிடுவது என்றால் என்ன என்று மாமியின் வயதுக்காரருக்குத் தெரியும். சாமானோடு, பிள்ளையோடு இரவு பட்டினத்தில் அந்தரிக்க வேண்டும். அந்தப் பயம் அவவுக்கு நிசம். "இப்ப பஸ் ஓடுது மாமி, லாஞ்சி தேவையில்லை" என்று விளங்கப்படுத்தினால் அந்தரம் கூடும். கொப்பியில் ஒரு கிழமை "விளங்கப்படுத்தினன்" என்றும், அடுத்த கிழமை "கூட நடந்தன்" என்றும் எழுதி, நிமிடங்களை ஒப்பிட்டுப் பாருங்கள். நாலரைக்கே வீட்டு லைட்டுகளைப் போட்டுவிடுங்கள். அந்தரம் தொடங்க அரை மணித்தியாலம் முன்னால் ஒரு தேத்தண்ணியும் கையில் ஒரு வேலையும் கொடுங்கள்: கீரை ஆய்வது, சீலை மடிப்பது.

குளிசை பற்றி நீங்கள் கேட்கவில்லை, ஆனால் 31 என்று காட்டினால் அந்தக் கதை வரும். அந்தரத்துக்குக் கொடுக்கும் ரிஸ்பெரிடோன் போன்ற மருந்துகள் மறதி நோயுள்ள முதியவர்களில் இறப்பு ஆபத்தைக் கூட்டுகின்றன என்று அமெரிக்க மருந்து நிர்வாகம் 2005இலேயே எச்சரித்தது. கொடுக்கவே கூடாது என்பதல்ல. ஆளுக்கோ மற்றவர்களுக்கோ ஆபத்து என்றால் குறைந்த அளவில், குறிப்பிட்ட காலத்துக்குக் கொடுத்து, திரும்பப் பார்க்க வேண்டும். ஏற்கெனவே குடிக்கிறா என்றால் நீங்களாக நிறுத்தவும் வேண்டாம். எனக்குப் பயம் வேறொன்று. குளிசை தொடங்கிய மூன்றாம் நாள் புள்ளி 31இலிருந்து 16க்கு இறங்கும், வீடே சந்தோசப்படும். ஆனால் ஆள் கதிரையில் தலை தொங்க இருந்தாலும் அந்தத் தாளில் 16தான் வரும். படலைக்கு ஓடாதது அந்தரம் இல்லாததாலா, எழும்ப முடியாததாலா என்று அதில் ஒரு வரியும் கேட்பதில்லை. அதனால் புள்ளிக்குப் பக்கத்தில் மூன்றை எப்போதும் எழுதுங்கள்: பகலில் எத்தனை மணித்தியாலம் நித்திரை, எத்தனை வேளை சாப்பிட்டா, விழுந்தாவா. புள்ளி இறங்கி இந்த மூன்றும் கெட்டால் கிளினிக் திகதி வரும்வரை காத்திருக்காமல் போய்க் காட்டுங்கள்.

கிளினிக்கில் கொப்பியைக் கொடுத்தால் ஒருவரும் வாசிக்க மாட்டார்கள். முதல் நாள் இரவு ஒரு பக்கத்தில் நாலு வரி: இரண்டு கிழமையில் படலைக்கு எத்தனை தரம், அடித்தது எத்தனை தரம், கூடுதலாக எத்தனை மணிக்கு, எதைச் செய்தால் அடங்குகிறா. அதன் கீழே, நோவு இருக்குமோ என்ற உங்கள் கேள்வி. அந்தத் தாளை நீட்டுங்கள். அழுகை வந்தாலும் தாள் பேசும்.

கடைசிக் கேள்வி, வீட்டில் வைத்துப் பார்க்கலாமா என்பது. எந்தத் தாளிலும் இந்த எண்ணுக்கு மேல் வீடு சரிவராது என்று கோடு கிடையாது. 31இல் நிம்மதியாகப் பார்க்கிற வீடும் உண்டு, 24இல் உடைந்துபோன வீடும் உண்டு. அதை அளக்க வேறு கட்டம் வேண்டும். 1994இல் கமிங்ஸ் என்ற வைத்தியரும் கூட்டாளிகளும் ஆக்கிய ஒரு கேள்விக்கொத்தில், நோயாளியின் ஒவ்வொரு குணத்துக்கும் எத்தனை தரம், எவ்வளவு கடுமை என்று கேட்பதோடு, பார்க்கிறவருக்கு அது எவ்வளவு சுமை என்று 0 முதல் 5 வரை போடும் இடம் பிற்பாடு சேர்க்கப்பட்டது. மாமிக்குப் போடுகிற புள்ளியில் இருந்து அதைப் பிரித்து வைத்திருக்கிறார்கள். உங்கள் 31க்குள் மாமியின் புள்ளி எவ்வளவு, உங்களுடைய சுமை எவ்வளவு என்று எனக்கு ஒரு சந்தேகம் உண்டு. குற்றமாகச் சொல்லவில்லை. பாடசாலையில் பிள்ளைகளோடு கத்திவிட்டு வந்து, நாளின் மிக மோசமான நேரத்தைத் தனியே பிடிக்கிறவர் நீங்கள். கொப்பியின் ஓரத்தில் ஒவ்வொரு இரவும் உங்களுக்கென்று 0 முதல் 5 வரை ஒன்று போடுங்கள்.

அத்தானுக்குக் கொப்பிப் பக்கத்தைப் படம் பிடித்து அனுப்பலாம். அதோடு, அடுத்த அழைப்பை அவருடைய காலையில், உங்களுடைய பின்னேரம் ஐந்தரைக்கு எடுக்கச் சொல்லுங்கள். பிறகு கேளுங்கள்: நாலிலிருந்து ஏழு வரை உதவிக்கு ஒரு ஆளை வைக்கச் சம்பளம் அனுப்ப முடியுமா என்று.